அலுகோசின் முகமும் கைதியின் குரலும்
எர்வின் கெஷொனெக்கின் திரைநடிப்புப் பற்றிய ஒரு நோக்கு

1

திரைப்படம் பற்றி எழுதுவோர் நெறியாளரையே அதன் கர்த்தாவாகக் கொள்வது வழக்கம். நடிகனைப் பற்றி எழுத முனைவோர் ஒன்றில் அவனுடைய புகழைப் பாடுவர், அன்றேல் அவனுடைய வாழ்க்கைச் சம்பவங்களை வரிசைப்படுத்துவர். ஒரு நடிகன் தன் வாழ்நாளில் ஏற்ற பாத்திரங்களை ஒருங்கே வைத்து, அவற்றினூடாக அவனது காலம் தன்னைப் பற்றி எதைச் சொல்ல விரும்பியது, எதைச் சொல்ல அஞ்சியது என்று நோக்கும் முயற்சி அருமையாகவே நிகழ்கின்றது. அத்தகைய நோக்குக்கு மிகவும் பொருத்தமான ஒருவர் ஜேர்மன் நடிகர் எர்வின் கெஷொனெக் (1906 - 2008).

இவருடைய பெயர் நம்மிற் பலருக்குப் புதிதாகவே இருக்கும். இரண்டாம் உலகப் போருக்குப் பிந்திய ஜேர்மன் சினிமா என்றதும் ஃபாஸ்பின்டர், ஹேர்சொக், வென்டர்ஸ் முதலிய மேற்கு ஜேர்மன் நெறியாளர்களே நினைவுக்கு வருவர். கிழக்கிலே, 1946இல் தொடங்கப்பட்ட டேஃபா என்னும் அரச நிறுவனம் நாற்பத்தைந்து ஆண்டுக்காலத்தில் உருவாக்கிய பெருந்தொகையான படங்கள் உலக அரங்கில் அதிகம் பேசப்படவில்லை. அந்நிறுவனத்தின் தலையாய நடிகர் கெஷொனெக். கிழக்கில் அவரை அறியாதார் இல்லை; எல்பே நதியைக் கடந்ததும் அவரை அறிந்தார் அதிகமில்லை. ஆதலால் 'அறியப்படாத நடிகர்' என்று அவரைச் சுட்டும்போது, யாரால், எங்கே அறியப்படாதவர் என்ற வினாவையும் உடன் எழுப்புதல் வேண்டும்.

எனினும் இக்கட்டுரை அவருடைய புகழை மீட்பதற்கு எழுந்ததன்று. நாசிகளின் வதைமுகாம்களில் ஆறு ஆண்டுகள் கைதியாக இருந்த ஒருவர், விடுதலை பெற்று ஆறு ஆண்டுகளுள், நாசிகளுக்காகத் தலை கொய்த ஓர் அலுகோசின் பாத்திரத்தை ஏற்று நடித்தார். அந்நடிப்பு பார்ப்போர் மனத்தில் இரக்கத்தை எழுப்புகின்றது என்ற குற்றச்சாட்டின் பேரில், நாசிகளின் எதிரிகளாலேயே அப்படம் தடுத்து நிறுத்தப்பட்டது. கொடுமை செய்தவனை உள்ளிருந்து காட்டுதல் அவனை மன்னித்தலாகுமா என்பதே இங்கு ஆராயப்படும் பிரச்சினை. கெஷொனெக்கின் நடிப்பு அதற்கு ஒரு விடையை வைத்திருக்கின்றது என்பது இக்கட்டுரையின் எடுகோள்.

2

அக்காலம் கிழக்குப் பிரஷ்யாவுக்கு உட்பட்டிருந்த பார்த்தன்ஸ்டைன் என்ற ஊரில் 1906ஆம் ஆண்டு டிசம்பர் 27ஆந் திகதி பிறந்த கெஷொனெக், பேர்லினின் ஏழைத் தொழிலாளர் குடியிருப்புகளில் வளர்ந்தவர். நாடகப் பள்ளி எதிலும் பயின்று வந்தவரல்லர். தொழிலாளரின் கிளர்ச்சி நாடகக் குழுக்களே அவருக்குப் பயிற்சிக்களமாயின. 1929இல் கம்யூனிஸ்ட் கட்சியிற் சேர்ந்தார். 1932இல் ஸ்லாத்தான் டூடோவ் நெறிப்படுத்த, பெர்தோல்ற் பிறெக்ற் திரைக்கதையில் பங்கேற்ற 'கூலே வாம்ப' என்ற படத்தில் தொழிலாளர் கூட்டத்துள் ஒருவராகத் தோன்றினார். வேலையற்றோரின் அவலத்தைச் சித்திரித்த அப்படம் தணிக்கையாளரால் முதலில் தடைசெய்யப்பட்டு, பின் வெட்டுகளுடன் வெளிவந்தது. அவருடைய திரைவாழ்வு தடைசெய்யப்பட்ட ஒரு படத்துடன் ஆரம்பித்தது என்பது மனங்கொளத்தக்கது; இத்தடை என்னும் நிழல் அவரைப் பின்னரும் தொடர்ந்தது.

1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் அவர் நாட்டைவிட்டு வெளியேறினார். போலந்து, செக்கோஸ்லோவாக்கியா வழியாகச் சோவியத் ஒன்றியத்தை அடைந்து, அங்கு ஜேர்மன் மொழி நாடகக் குழுக்களிற் பணியாற்றினார். ஆனால் ஸ்ராலினின் களையெடுப்புக் காலத்தில், 1938இல், அந்நாடும் அவரை வெளியேற்றியது. தான் நம்பிய இலட்சியத்தின் தாயகத்தினாலேயே துரத்தப்பட்ட அவர் பிராக் நகருக்குத் திரும்பினார். மறு ஆண்டு அந்நகர் ஹிட்லரின் படைகளிடம் வீழ்ந்ததும் கைதானார். பின்னர் சாக்சன்ஹவுசன், டாக்கௌ, நொயன்காம என்னும் மூன்று வதைமுகாம்களில் போர் முடியும்வரை அடைபட்டிருந்தார்.

டாக்கௌ முகாமில் நிகழ்ந்த ஒன்றை இங்கு நின்று நோக்குதல் வேண்டும். 1943ஆம் ஆண்டுக் கோடையில் அங்கிருந்த கைதிகள் ஒரு நாடகம் மேடையேற்றினர். வியன்னாப் பத்திரிகையாளரான ருடோல்ஃப் கல்மார் என்ற கைதி எழுதியது அது. வெளித்தோற்றத்தில் அது பழைய வீரசாகசக் கதைகளைக் கேலிசெய்யும் வெறும் கோமாளிக் கூத்து. அதில் அடோலார் என்னும் பிரபுவின் பாத்திரத்தை ஏற்றவர் கெஷொனெக். அவர் அப்பாத்திரத்தை ஹிட்லரின் பேச்சுமுறையும் தோரணையும் தெரியும்படி நடித்தார். பார்வையாளருள் முகாமின் காவலரான எஸ்.எஸ். படையினரும் இருந்தனர். கைதிகள் விளங்கிக்கொண்டனர். காவலர் விளங்கிக்கொண்டிருப்பின் நடிகரின் கதி என்னவாகியிருக்கும் என்பதைக் கூற வேண்டியதில்லை.

இந்நிகழ்ச்சியை வெறும் துணிச்சற் கதையாகக் கொள்வது போதாது. தன்னை வதைப்பவனை உற்றுநோக்கி, அவன் நடையையும் குரலையும் தன் உடலில் ஏற்று, அவனைப் பிறருக்குக் காட்டும் ஆற்றல் இங்கே உயிர்வாழ்தலின் ஒரு வழியாகவே அமைந்துவிட்டது. அடிமைப்பட்டவன் தன் எசமானை அறிந்த அளவுக்கு எசமான் அவனை அறிவதில்லை. இவ்வறிவே பின்னர் கெஷொனெக்கின் கலைக்கு மூலதனமாயிற்று.

1945 மே 3ஆந் திகதி, போர் முடிவதற்குச் சில நாள்கள் இருக்கையில், லூபெக் விரிகுடாவில் நின்ற 'காப் ஆர்கோனா' முதலிய கப்பல்கள்மீது பிரித்தானிய விமானங்கள் குண்டு வீசின. அவற்றில் நொயன்காம முகாமின் கைதிகள் ஆயிரக்கணக்கில் அடைக்கப்பட்டிருந்தனர். ஏறக்குறைய 7,000 பேர் எரிந்தும் மூழ்கியும் மாண்டனர். தப்பிய சில நூறு பேருள் கெஷொனெக்கும் ஒருவர். விடுவிக்க வந்தவர்களின் குண்டுகளுக்கே இரையாக நேர்ந்த இவ்வவலத்தை உள்ளே இருந்து கண்ட ஒருவர், உலகை வெள்ளையாகவும் கறுப்பாகவும் மட்டும் பிரித்துப் பார்க்க இயலாதவராய்ப் போனதில் வியப்பில்லை.

3

போரின்பின் ஹம்பேர்க்கில் இடா ஏர நடத்திய 'காமர்ஸ்பீல' அரங்கில் கெஷொனெக் நடித்தார். ஹெல்மூட் கொய்ட்னரின் 'அந்நாட்களில்' (1947) என்ற படத்தில் சிறு பாத்திரமொன்றை ஏற்றார். 1949இல் பிறெக்ற் அவரைக் கிழக்குப் பேர்லினுக்கு அழைத்துக்கொண்டார். புதிதாகத் தொடங்கிய 'பேர்லினர் அன்சாம்பிள்' குழுவின் முதல் நாடகம் 'புன்டிலா எசமானும் அவர் வேலையாள் மத்தியும்'. அதில் வேலையாள் மத்தியாகத் தோன்றியவர் கெஷொனெக். தம் மகனுக்கும் அவர் மத்தி என்றே பெயர் சூட்டினார் என்பதிலிருந்து, அப்பாத்திரம் அவருக்கு எத்துணை நெருக்கமானது என்பது புலனாகும்.

பிறெக்ற் நமக்கு அந்நியரல்லர். 1967இல் ஹென்றி ஜயசேன சிங்களத்தில் மேடையேற்றிய 'ஹுணுவடயே கதாவ' இந்நாட்டு அரங்கில் அவரை நிலைநிறுத்தியது. ஆதலால் பிறெக்ற்றின் நடிப்புக் கொள்கையை இங்கு விரித்துரைக்க வேண்டியதில்லை. 'புன்டிலா' நாடகத்தின் மையக்கருத்து மட்டும் நமக்கு இன்றியமையாதது. பண்ணையார் புன்டிலா குடிபோதையில் இருக்கும்போது நல்லவர், வேலையாளைத் தோழனென்று தழுவுபவர். போதை தெளிந்ததும் கொடியவர். வேலையாள் மத்தி இரண்டையும் அமைதியாகப் பார்த்துக்கொண்டிருக்கிறான். எசமானின் கனிவையும் நம்பாமல், அவர் கோபத்துக்கும் அடங்காமல், ஈற்றில் அவரை விட்டு நீங்குகிறான். தனிமனிதனின் நற்குணம் ஒன்று. சமூகத்தில் அவன் வகிக்கும் நிலையும் அந்நிலை அவனைக்கொண்டு செய்விக்கும் செயலும் வேறொன்று. இரண்டையும் பிரித்தறியும் கண்ணே மத்தியின் கண். இந்தப் பார்வையை இரவுதோறும் மேடையில் பயின்ற நடிகர், அதையே சிறிது காலத்தில் மிகக் கடினமான ஒரு பாத்திரத்தில் பயன்படுத்த நேர்ந்தது.

அதற்கு முன்னோடியாக இன்னொரு பாத்திரமும் வாய்த்தது. டேஃபாவின் முதல் வண்ணப்படமான 'குளிர்ந்த இதயம்' (1950) ஹவுஃப் எழுதிய கதையொன்றைத் தழுவியது. காட்டிலே வாழும் மிஹெல் என்னும் அரக்கன், பணம் வேண்டி வருவோரிடம் உயிருள்ள இதயத்தைப் பெற்றுக்கொண்டு, அதற்கு ஈடாகக் கல்லிதயம் கொடுக்கிறான். அரக்கனாகத் தோன்றியவர் கெஷொனெக். சிறுவர் கதைதான், ஆயினும் வறுமைப்பட்டவனிடம் பணத்தைக் காட்டி அவன் உள்ளத்தை வாங்கும் வியாபாரம் அதில் வெளிப்படையாகவே பேசப்படுகின்றது. அடுத்த ஆண்டில் அவர் அவ்வியாபாரத்தின் மறுபுறத்தில், விற்பவனின் இடத்தில், நிற்க நேர்ந்தது.

4

'வாண்ட்ஸ்பெக்கின் கோடரி' 1951 மே மாதம் திரைக்கு வந்தது. இதற்கு மூலமான நாவலை ஆர்னோல்ட் ஸ்வைக், பலஸ்தீனத்தில் அகதியாக வாழ்ந்த காலத்தில் எழுதினார். அது 1943இல் முதலில் ஹீப்ரு மொழிபெயர்ப்பாகவும் 1947இல் ஜேர்மன் மூலமாகவும் வெளிவந்தது. படத்தை நெறிப்படுத்தியவர் ஃபல்க் ஹார்னக். இவருடைய தமையன் ஆர்விட் ஹார்னக் நாசி எதிர்ப்பியக்கத்தில் ஈடுபட்டமைக்காக 1942இல் தூக்கிலிடப்பட்டவர். ஃபல்க்கும் 1943இல் 'வெள்ளை ரோசா' வழக்கில் நிறுத்தப்பட்டு விடுவிக்கப்பட்டவர். நாவலாசிரியர் அகதி, நெறியாளர் தமையனைப் பலிகொடுத்தவர், தலைமை நடிகர் வதைமுகாம் கைதி. அலுகோசின் கதையைச் சொல்ல வந்தோர் மூவரும் அலுகோசின் கோடரிக்கு எதிர்ப்புறத்தில் நின்றவர்கள் என்பதை மறந்து இப்படத்தைப் பேச இயலாது.

கதை எளியது. ஹம்பேர்க்கின் புறநகரான வாண்ட்ஸ்பெக்கில் அல்பேர்ட் டேட்யன் என்பவன் இறைச்சிக்கடை வைத்திருக்கிறான். பெருங்கடைகளின் போட்டியால் வியாபாரம் நொடிந்துபோகிறது. நகரச் சிறையிலே கம்யூனிஸ்டுகள் என்று மரணதண்டனை விதிக்கப்பட்ட நால்வர் இருக்கின்றனர், அலுகோசோ நோயுற்றிருக்கிறான். ஹிட்லரின் வருகைக்கு முன் தண்டனை நிறைவேற வேண்டும். முதலாம் உலகப் போரில் உடனிருந்த ஒரு கப்பல் முதலாளிக்கு உதவி வேண்டி டேட்யன் கடிதம் எழுதியிருந்தான். அவர் மூலம் அவனுக்கு இவ்வேலை கிடைக்கிறது. கூலி 2,000 மார்க். தன் தொழிலுக்குரிய கோடரியாலேயே அவன் நான்கு தலைகளைக் கொய்கிறான். சிலகாலம் கடை செழிக்கிறது. மெல்ல மெல்ல உண்மை கசிகிறது. அயலவர் ஒன்றும் சொல்வதில்லை. கடைக்கு வருவதை நிறுத்திக்கொள்கின்றனர். மனைவி ஸ்ரீன தூக்கிட்டு மாள்கிறாள். அவனும் தன்னைச் சுட்டுக்கொண்டு இறக்கிறான்.

இப்பாத்திரத்தைச் சாதாரண நடிகர் ஒருவர் ஏற்றிருப்பின் இரண்டிலொன்று நிகழ்ந்திருக்கும்: டேட்யன் ஒரு குரூரனாகவோ பரிதாபத்துக்குரிய பேதையாகவோ ஆகியிருப்பான். கெஷொனெக் இரண்டையும் தவிர்க்கிறார். அவருடைய டேட்யன் பருத்த உடலும் உறுதியான தாடையும் கொண்டவன், தொழிலிற் கெட்டிக்காரன், மனைவிமேல் மெய்யான அன்புடையவன், கடன்காரனாவதை மானக்கேடாக நினைப்பவன். நம் எல்லோருக்கும் அறிமுகமான கடைக்காரன்தான் அவன். அவனிடம் கொள்கைவெறி இல்லை. கொல்லப்பட வேண்டியவர்கள்மீது பகையும் இல்லை. சட்டம் தீர்ப்பளித்துவிட்டது, யாரோ ஒருவன் செய்யத்தான் போகிறான், கூலி நல்ல கூலி என்பதே அவனுடைய தர்க்கம். அந்தத் தர்க்கத்தை கெஷொனெக் சற்றும் மிகைப்படுத்தாமல், வியாபாரி ஒருவன் கணக்குப் பார்க்கும் பாவனையில் முன்வைக்கும்போது, பார்வையாளன் அத்தர்க்கத்தோடு சில படிகள் நடந்துபோய்விட்ட தன்னையே திடுக்கிட்டுக் காண்கிறான்.

இப்படத்தின் சாரம் அத்திடுக்கிடலிலேயே இருக்கின்றது. டேட்யனுக்காக இரங்குகிறோம், ஆனால் அவன் செய்ததை ஒருகணமும் சரியெனக் கொள்வதில்லை. இரக்கமும் தீர்ப்பும் ஒன்றையொன்று அழிக்காமல் உடனிருக்கின்றன. மத்தியின் பாத்திரத்திற் கற்ற பாடம் இங்கு பயன்படுவதைக் காண்கிறோம். போதையில் நல்லவனான புன்டிலாவின் கனிவு எப்படி அவனுடைய கொடுமையைக் குறைக்கவில்லையோ, அப்படியே மனைவிமீது டேட்யன் கொண்ட அன்பு அவன் கோடரியின் கூர்மையைக் குறைக்கவில்லை. மேலும், டேட்யனை மத்தியின் தலைகீழ் வடிவமாகவும் கொள்ளலாம். மத்தி எசமானை அறிந்து அவரை நீங்கியவன். டேட்யன் எசமானை நம்பி அவரிடம் கைநீட்டியவன்.

5

படம் வெளிவந்து சில வாரங்களில் திரும்பப் பெறப்பட்டது. கிழக்கு ஜேர்மனியின் ஆளுங்கட்சியான சோசலிச ஐக்கியக் கட்சியும் சோவியத் ஆலோசகர்களும் கூறிய குறை இதுதான்: படம் கொல்லப்பட்ட போராளிகளை மையமாக்காமல் கொன்றவனை மையமாக்கிவிட்டது; அவன்மேல் இரக்கம் எழச்செய்கின்றது. ஸ்வைக் அப்போது கலைக்கழகத்தின் தலைவராக இருந்தும் தடையை விலக்க முடியவில்லை. மறு ஆண்டு ஹார்னக் மேற்குப் பேர்லினுக்குச் சென்றுவிட்டார். 1962இல் சுருக்கப்பட்ட வடிவமொன்று காட்டப்பட்டது. முழுவடிவம் மீண்டும் திரையேறியது 1981இல். இடையில் முப்பது ஆண்டுகள்.

இத்தடையை அதிகாரத்தின் மூடத்தனம் என்று கூறி ஒதுக்கிவிடுவது எளிது. ஆனால் அதன் பின்னாலிருந்த வாதத்துக்கு வலு இல்லாமலில்லை. 1951இல் படம் பார்க்கச் சென்ற கூட்டத்தில் டேட்யன்கள் எத்தனை பேர் இருந்திருப்பர்! சிறு சலுகைக்காகவோ பயத்துக்காகவோ நாசிகளுக்குத் துணைபோன இலட்சக்கணக்கானோர் உயிரோடிருந்த காலம் அது. அவர்கள் திரையில் டேட்யனைக் கண்டு 'பாவம், நாமும் அப்படித்தான், சூழ்நிலை அப்படி' என்று தம்மையே தேற்றிக்கொண்டு வெளியேறியிருத்தல் கூடும். கொலையுண்டவரின் உறவினர் அக்கூட்டத்தில் அருகே அமர்ந்திருக்கையில் இத்தகைய சுயதேற்றம் ஓர் அநீதி. கலைஞனின் நோக்கம் எதுவாயினும், கலைப்படைப்புச் சென்றடையும் சமூகத்தின் நிலையைக் கணக்கில் எடுக்காத விமர்சனம் முழுமையான விமர்சனமாகாது.

இவ்வாறு ஏற்றுக்கொண்ட பின்னரும், தடைசெய்தோர் தவறினர் என்றே கருதவேண்டியுள்ளது. இதற்குக் காரணம் இரண்டு. முதலாவது, பாசிசத்தை வரலாற்றுப் பொருள்முதல்வாத நோக்கில் விளக்குவதாகக் கூறிய ஓர் அரசு, அவ்விளக்கத்தின் மிகச் சிறந்த கலைவடிவத்தைத் தானே மறைத்துவிட்டது. பெருமூலதனத்தின் போட்டியில் நசுங்கும் சிறுவியாபாரி, தன்னை நசுக்கும் வர்க்கத்தின் தயவையே நாடி, அதன் கைக்கோடரியாக மாறும் நிகழ்முறையை இதைவிடத் தெளிவாகக் காட்டிய படம் அக்காலத்தில் அருமை. நாசிகளைக் கொடூரப் பிறவிகளாக மட்டும் காட்டும் படம் எவ்வளவு ஆவேசமாயிருப்பினும், அவர்கள் எங்கிருந்து வந்தனர் என்ற வினாவுக்கு விடை தராது. இரண்டாவது, இப்படத்தில் தண்டனை வழங்குவது தெய்வமோ நீதிமன்றமோ அன்று. கடைக்கு வராது விட்ட எளிய மக்களே தண்டனை வழங்குகின்றனர். இரத்தம் படிந்த கையிலிருந்து இறைச்சி வாங்க மறுத்த அவர்களுடைய மௌனமே படத்தின் நீதி. டேட்யன்மீது எழும் இரக்கத்தைக் கண்டோர் இம்மௌனத்தைக் காணத் தவறினர்.

இதே ஆண்டில் மேற்கிலே நிகழ்ந்ததையும் ஒப்பிடுதல் பொருந்தும். ஹிட்லரின் ஆட்சிக்குத் தப்பி ஹொலிவூட் சென்றிருந்த பீற்றர் லொறே, திரும்பி வந்து தாமே நெறிப்படுத்தி நடித்த 'தொலைந்தவன்' 1951இல் வெளிவந்தது. அதிலும் நாடு துறந்த ஒருவர், நாசிக் காலத்திற் கொலைகாரனாகும் ஒருவனை உள்ளிருந்து காட்டினார். அப்படத்தை எந்த அரசும் தடைசெய்யவில்லை. மக்கள் பார்க்கவில்லை, அவ்வளவே. அவ்வாண்டு மேற்கு ஜேர்மனியர் திரண்டு சென்று கண்டது 'பசுமையான புல்வெளி' போன்ற, மலையும் காடும் காதலும் நிறைந்த தாயகப் படங்களையே. கிழக்கில் அதிகாரம் கண்ணாடியைப் பறித்துக்கொண்டது. மேற்கில் மக்கள் தாமே முகத்தைத் திருப்பிக்கொண்டனர். இரு ஜேர்மனிகளும் வேறெதிலும் உடன்படாவிடினும், அலுகோசின் முகத்தைப் பார்ப்பதில்லை என்பதில் உடன்பட்டன எனலாம்.

6

இதன்பின் கெஷொனெக்குக்குப் பெரும்பாலும் அளிக்கப்பட்டவை வீரர்களின் பாத்திரங்கள். பிராங்க் பேயரின் 'ஐந்து தோட்டாக் கூடுகள்' (1960) படத்தில் ஸ்பானிய உள்நாட்டுப் போரில் மடியும் அரசியல் ஆணையாளராக வருகிறார். சாகுந்தறுவாயில் தான் எழுதிய செய்தியைத் துண்டுகளாக்கி ஐந்து தோட்டாக் கூடுகளில் இட்டு ஐவரிடம் ஒப்படைக்கிறார். இராணுவ இரகசியமென்று அவர்கள் காத்துக் கொண்டுசென்ற துண்டுகளைப் பொருத்திப் பார்க்கையில், ஒன்றாக இருந்தால் உயிர் பிழைப்பீர்கள் என்ற அறிவுரையே அதில் இருக்கக் காண்கின்றனர். கதையின் தொடக்கத்திலேயே மறைந்துவிடும் பாத்திரமாயினும், கெஷொனெக்கின் கனத்த குரல் படம் முடியும்வரை உடன் வருவதுபோன்ற உணர்வு எஞ்சுகின்றது.

'ஓநாய்களிடையே நிர்வாணமாக' (1963) மேலும் முக்கியமானது. புக்கன்வால்ட் முகாமில் எட்டு ஆண்டுகள் கைதியாயிருந்த புரூனோ ஆபிற்ஸ் எழுதிய நாவலைப் பேயர் படமாக்கினார். பயணப்பெட்டிக்குள் ஒளித்துக் கொண்டுவரப்பட்ட யூதக் குழந்தையைக் கைதிகள் காப்பாற்றும் கதை அது. கைதிகளுள் மூத்தவனான கிரேமர் என்னும் பாத்திரம் கெஷொனெக்குடையது. குழந்தையைக் காத்தால் இரகசிய எதிர்ப்பமைப்பு முழுவதும் அகப்படலாம். அமைப்பைக் காத்தால் குழந்தை மடியும். இம்முரண்பாட்டின் பாரத்தை அவர் வசனத்தாலன்றி, தாம் கண்டறிந்த முகாம் வாழ்வின் உடல்மொழியாலேயே சுமக்கிறார். தலை குனியாமலும் நிமிராமலும் காவலன் முன் நிற்கும் அந்நிலை பாடசாலையிற் பயின்று வருவதன்று.

ஆயினும் விமர்சகன் இங்கு ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்நாவலும் படமும் கிழக்கு ஜேர்மனியில் ஏறத்தாழ ஒரு தேசியப் புராணமாக்கப்பட்டன. ஆனால் உண்மை நிகழ்வில், அக்குழந்தையின் பெயர் ஆஷ்விற்சுக்கு அனுப்பப்படுவோரின் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டபோது, சிந்தி இனச் சிறுவன் ஒருவன் அப்பட்டியலிற் சேர்க்கப்பட்டுச் சாவுக்குச் சென்றான் என்பது பின்னர் தெரியவந்தது. புராணத்தில் அச்சிறுவனுக்கு இடமிருக்கவில்லை. இது கைதிகளைக் குற்றஞ்சாட்டுவதற்குக் காரணமாகாது. அத்தெரிவை அவர்கள்மேல் சுமத்தியவர்கள் நாசிகளே. ஆனால் தூய வீரர்களை மட்டும் வேண்டிநின்ற ஒரு கலாசாரம், டேட்யனை மறைத்ததுபோலவே, வீரர்களின் வாழ்விலிருந்த துயரமான கணக்குகளையும் மறைக்க வேண்டியதாயிற்று. இரண்டும் ஒரே மறைப்பின் இரு பக்கங்கள்.

வீரப் பாத்திரங்களும் தடைக்குத் தப்பவில்லை. கொன்றாட் வொல்ஃபின் 'சூரியனைத் தேடுவோர்' (1958) படத்தில் யுரேனியச் சுரங்கத்துக் கட்சிச் செயலாளராக நடித்தார். சோவியத் தரப்பின் ஆட்சேபத்தால் அது 1972வரை மக்களைச் சென்றடையவில்லை. கெர்ஹார்ட் கிளைனின் 'மூலையைச் சுற்றி பேர்லின்' படத்தில் முதிய தொழிலாளியாகத் தோன்றினார். கலைஞர்கள்மீது கட்சி கெடுபிடி காட்டிய 1965ஆம் ஆண்டு டிசம்பர்க் கூட்டத்தின் விளைவாக அதன் வேலை நிறுத்தப்பட்டது. நாடே மறைந்துகொண்டிருந்த 1990இல்தான் அது வெளிவந்தது. 1932 முதல் எண்ணினால், வெவ்வேறு அரசுகளின் கீழ் அவர் தோன்றிய நான்கு படங்கள் தடையுண்டன. தாம் நம்பிய அரசைக் கெஷொனெக் கைவிடவில்லை. அவ்வரசு விரும்பிய எளிமையை அவருடைய முகமும் கைக்கொள்ளவில்லை.

7

இத்தனை கனமான பாத்திரங்களுக்கிடையே, மக்கள் அவரை மிகவும் நேசித்தது ஒரு நகைச்சுவைப் படத்திலே என்பது சிந்தனைக்குரியது. பேயரின் 'காபைட்டும் புளிக்கீரையும்' 1963ஆம் ஆண்டின் இறுதியில் வந்தது. 1945ஆம் ஆண்டுக் கோடை. ட்றெஸ்டனில் இடிந்துபோன சிகரெட் தொழிற்சாலையை மீளக் கட்டுவதற்கு ஒட்டுவேலை செய்ய வேண்டும். அதற்குக் காபைட் தேவை. கல்ல என்னும் தொழிலாளி எல்பே நதிக்கரையிலுள்ள விற்றன்பேர்க நகருக்குச் சென்று ஏழு பீப்பாய் காபைட் பெறுகிறான். வாகனமில்லை, எரிபொருளில்லை, பாலமில்லை. சிதைந்த நாட்டினூடாக அப்பீப்பாய்களை உருட்டியும் ஏற்றியும் இழந்தும் அவன் திரும்பி வரும் பயணமே கதை.

சோவியத் சிப்பாய்களும் அமெரிக்க அதிகாரியும் இதில் சம அளவில் நகைப்புக்கு ஆளாகின்றனர். வென்றவர்களுக்கும் தோற்றவர்களுக்கும் இடையே வெறுங்கையுடன் நிற்கும் மனிதனாகக் கெஷொனெக் வருகிறார். ஐம்பத்தாறு வயதான அப்பெரிய உடல் ஓடுகிறது, ஒளிகிறது, வழுக்கி விழுகிறது. முன்னைய படங்களில் அழுத்தத்தைத் தாங்கிய அதே தோள்களே இங்கு பீப்பாயைத் தாங்குகின்றன. வாழ்வு மீளக் கட்டப்பட வேண்டும் என்ற பிடிவாதமே கல்லவின் வீரம். அதை அவன் வீரமென்று அறியவும் இல்லை. அரசியல் முழக்கம் எதுவுமின்றி, பேரழிவின்பின் ஒரு மக்கட்கூட்டம் மீண்டும் எழுவதை இதைவிட இயல்பாகச் சொன்ன டேஃபா படம் வேறில்லை என்பது எமது கருத்து.

யுறெக் பெக்கரின் கதையைக் கொண்டு பேயர் எடுத்த 'பொய்யன் யாக்கோப்' (1974) அவருடைய முதுமைக்கால நடிப்பின் உச்சம். அமெரிக்காவின் ஒஸ்கார் விருதுக்கு முன்மொழியப்பட்ட ஒரேயொரு டேஃபா படம் அது. யூதச் சேரியில் அடைபட்ட யாக்கோப், தன்னிடம் வானொலிப் பெட்டி இருப்பதாகப் பொய்கூறி நம்பிக்கையூட்டுகிறான். அவனுடைய நண்பனான சவரத் தொழிலாளி கொவால்ஸ்கியாகக் கெஷொனெக் வருகிறார். ஈற்றில் யாக்கோப் தன்னிடம் வானொலி இல்லை என்ற உண்மையை இவனிடம் சொல்லிவிடுகிறான். கொவால்ஸ்கி கோபிக்கவில்லை, அழவில்லை; ஏதோ சாதாரண செய்தி கேட்டவன்போல விடைபெறுகிறான். பின்னர் தூக்கிட்டு இறக்கிறான். முன்பு தலை கொய்தவனாக நம்மை இரங்கச் செய்த அதே நடிகர், இங்கே பலியாகுபவனாக நம் இரக்கத்தைக் கேட்கவே மறுத்து விடைபெறுகிறார்.

8

1982இல் அவருடைய கப்பல் அனுபவத்தைக் கருவாகக் கொண்ட 'காப் ஆர்கோனாவின் மனிதன்' என்ற தொலைக்காட்சிப் படம் வந்தது. 1995இல், மகன் மத்தி நெறிப்படுத்திய தொலைக்காட்சிப் படமொன்றில் இறுதியாக நடித்தார். 2008 மார்ச் 12ஆந் திகதி, தமது 101ஆவது வயதில், பேர்லினிற் காலமானார். முடியரசு, வைமர்க் குடியரசு, ஹிட்லரின் ஆட்சி, கிழக்கு ஜேர்மனி, ஒன்றிணைந்த ஜேர்மனி ஆகிய ஐந்து அரசுகளின் கீழ் வாழ்ந்தவர் அவர்.

தொடக்கத்தில் எழுப்பிய வினாவுக்குத் திரும்புவோம். கொடியவனை உள்ளிருந்து காட்டுதல் அவனை மன்னித்தலாகுமா? மன்னிக்கும் உரிமை நடிகனுக்கோ நெறியாளருக்கோ பார்வையாளருக்கோ இல்லை. அது இறந்தவர்களோடு போய்விட்டது. நடிகனால் இயல்வது அறியச் செய்தல் ஒன்றே. 1951இல் கட்சியின் விமர்சகர்கள் அறிதலையும் மன்னித்தலையும் ஒன்றாகக் கொண்டனர். வதைமுகாமில், வதைத்தவனின் முன்னிலையிலேயே அவனை நடித்துக்காட்டிய கெஷொனெக்குக்கு இரண்டுக்கும் உள்ள வேறுபாடு தெரிந்திருந்தது. அங்கே அவர் எதிரியை அறிந்தது அவனோடு இணங்குவதற்காகவன்று. அவனுக்குமுன் மனிதனாக எஞ்சுவதற்காக.

பெருங்கொடுமைக்கூடாக வந்த எந்தச் சமூகமும் தன் வீரர்களின் முகங்களை விரைந்து வரைந்துகொள்கின்றது. தன்னுள்ளேயே வாழ்ந்து, கூலிக்காகக் கோடரி எடுத்த அயலவனின் முகத்தை வரைவதற்கு அது நீண்டகாலம் தயங்குகின்றது. அம்முகம் வரையப்படாதவரை, அடுத்த கோடரி எந்தக் கடையின் பின்புறத்தில் தீட்டப்படுகின்றது என்பதை அச்சமூகம் அறியப்போவதில்லை. எர்வின் கெஷொனெக் அம்முகத்தைத் தம் சொந்த முகத்தின்மீது வரைந்து காட்டினார். அதை முப்பது ஆண்டுகள் மூடிவைத்தவர்களின் அரசு இன்று இல்லை. அந்த முகம் இன்னும் நம்மைப் பார்த்துக்கொண்டிருக்கின்றது.